ஓரத்தில் எழுதிய ஒரு வரி

2004-இல் விருத்தாசலத்தில் பி.எஸ்சி. வேதியியல் படித்தபோது நான் செய்த காரியத்தை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

எங்கள் கல்லூரி நூலகத்தில் அந்த இயற்பியல் வேதியியல் புத்தகம் ஒன்றே ஒன்றுதான். அதில் குவாண்டம் பகுதி எனக்கு மண்டையில் ஏறவே இல்லை. பெட்டிக்குள் அடைபட்ட துகளுக்குக் குறிப்பிட்ட சில ஆற்றல்கள் மட்டும்தான் உண்டாம். ஏன்? எரிச்சலில், "இது பரீட்சைக்கு வராது, விட்டுடு" என்று ஓரத்தில் பேனாவால் எழுதினேன்.

வந்தது. அரியர் விழுந்தது.

மறுபடி அதே புத்தகத்தை எடுத்தேன். என் வரிக்குக் கீழே யாரோ பச்சை மையில் எழுதியிருந்தார்கள்: "உங்களை நம்பி இதைப் படிக்காம விட்டேன். எனக்கும் அரியர். இப்போ புரிஞ்சிடுச்சு. ஒரு கயிற்றைக் கட்டி ஆட்டிப் பாருங்க."

கூசிப்போனேன். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

அண்ணன் வேலை பார்த்த பீங்கான் பொம்மைப் பட்டறைக்குப் போய், பெட்டி கட்டும் கயிற்றின் ஒரு முனையை ஜன்னல் கம்பியில் கட்டி ஆட்டினேன்.

"இன்னாடா பண்ற? பெட்டி கட்டணும், கயித்தை வுடு" என்றார் அண்ணன்.

ஒரு வளைவு வந்தது. வேகமாக ஆட்டினால் இரண்டு, இன்னும் வேகமாக மூன்று. ஒன்றரை வளைவு மட்டும் நிற்கவே இல்லை. பெட்டிக்குள் அடைபட்ட துகளுக்கும் இப்படித்தான், இடைப்பட்ட ஆற்றல் கிடையாது.

"புரிஞ்சிடுச்சுண்ணே!" என்று கத்திவிட்டேன்.

பச்சை மைக்குக் கீழே, "விடச் சொன்னது நான்தான். மன்னிச்சிடுங்க" என்று எழுதிப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தேன். சில வாரங்கள் கழித்து மறுபடி எடுத்தபோது பதில் இருந்தது: "அடுத்த பாடம் எனக்குப் புரியலை. நீங்க படிச்சுட்டு எழுதுங்க."

பரீட்சைக்கு வருமா என்று கேட்காமல் நான் படித்த முதல் பாடம் அதுதான்.