வேலிக்கு மேல் போன குழம்பு

மெர்டேக்கா என்று நாட்டுக்குச் சுதந்திரம் வந்த கையோடு ரப்பர்த் தோட்டத்தை விட்டு நாங்கள் காஜா பேராங் என்ற இடத்துக்குக் குடிவந்தோம். பக்கத்து வீட்டில் வயதான செட்டித் தம்பதி, பல தலைமுறைக்கு முன்பே இங்கே வந்து தமிழை மறந்துபோனவர்கள். நெற்றி நிறையத் திருநீறு, பேச்சு முழுக்க மலாய். அந்த அம்மாவைத் தெருவே பீபிக், அதாவது பெரியம்மா, என்று கூப்பிட்டது. நானும் அப்படியே கூப்பிட்டேன்.

மிளகும் தேங்காய்ப்பாலும் சேர்த்து பீபிக் வைக்கும் பிண்டாங் மீன்குழம்பு எங்கள் தெருவில் பெயர்போனது. ஆனால் அவர் குளிக்கப் போகும் நேரம் பார்த்து, கிழவர் தன் பங்குக் குழம்பைக் கிண்ணத்தோடு வேலிக்கு மேல் என்னிடம் நீட்டுவார். பதிலுக்கு ஒரு குவளை ரசம் வாங்கி, கண்ணை மூடி ரசித்துக் குடிப்பார். கிண்ணம் காலியானதைப் பார்த்து பீபிக் பூரித்துப்போவார். மீனை வெளுத்துக்கட்டியது என் கணவர். நான் வைக்கும் குழம்பை என் வீட்டு மனிதர் ஒரு நாள்கூடப் புகழ்ந்ததில்லை. அந்த எரிச்சல் எனக்கு இன்னும் இருக்கிறது.

பிறகு கிழவர் காலமானார். ஒரு வருடம் கழிந்து போகி வந்தது. அன்றைக்குச் செட்டிகள் இறந்தவர்களுக்குப் படையல் போடுவார்கள். அவரவருக்குப் பிடித்ததை இலையில் வைத்து, திரையை இழுத்துவிட்டு, அவர்கள் சாப்பிட்டு முடிக்கும்வரை வெளியே காத்திருப்பார்கள். பீபிக் வீட்டில் காலையிலிருந்தே பிண்டாங் வாசனை.

எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. அவருக்கு ரசம்தான் பிடிக்கும் என்று சொன்னால் பீபிக் மனசு நொந்துபோகும். சொல்லாவிட்டால், அவ்வளவு தூரம் வருகிற மனிதர் இலையைப் பார்த்துவிட்டுப் பட்டினியாகத் திரும்புவார்.

"போய்ச் சொல்லிரு. செத்தவரு வயித்துல அடிக்கக்கூடாது," என்றார் கணவர். "ஆனா மீனு நான் தின்னேன்னு மட்டும் சொல்லிறாத லா."

ரசச் சட்டியோடு போய், எனக்குத் தெரிந்த அரைகுறை மலாயில் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன், மீன் தின்றவர் யாரென்பது உட்பட. பீபிக் ஒரு கரண்டி ரசத்தை எடுத்து வாயில் விட்டுப் பார்த்தார்.

"இந்தத் தண்ணிக்கா?" என்று மலாயில் கேட்டார். கண் கலங்கியிருந்தது. அவர் புருஷனையே களவாண்டவள்போல் நின்றேன். வெட்கமாக இருந்தது.

பீபிக் உப்பு ஜாடியைத் திறந்தார். சட்டியில் ஒரு சிட்டிகை போட்டுக் கலக்கி ருசி பார்த்தார். இன்னும் அரைச் சிட்டிகை போட்டார். குவளையில் ஊற்றி, இலையில் தன் மீனுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுத் திரையை இழுத்தார்.

"அவருக்கு உப்புத் தூக்கலா இருக்கணும்," என்றார். "உனக்கு எங்கே தெரியப்போகுது?"