எருமைக் கயிற்றைப் பிடித்தவள்

எனக்குத் தெலுங்கு தெரியாது. ஆனாலும் அந்த வாரம் முழுவதும், வேலை முடிந்து நோர்வேயில் குரோருட் என்ற ஊரிலுள்ள எங்கள் வீட்டுக்கு வந்ததும் தெலுங்குச் சீரியல்தான் பார்த்தேன். யமன் கொண்டுபோகும் கணவனை மீட்க, அவன் பின்னாலேயே நடக்கும் ஓர் இளவரசியின் கதை. நகை கொஞ்சம் அதிகம்தான். எங்கள் தமிழ்ச் சீரியல்களில் மாமியார் பாலில் விஷம் கலக்கிறாள். இதிலோ ஒருத்தி சாவை மறித்து நியாயம் கேட்கிறாள், சாவும் நின்று பதில் சொல்கிறது. அதற்கு மொழி எதற்கு?

என் கணவரின் கழுத்துக் கட்டியில் ஒரு துண்டை வெட்டிச் சோதனைக்கு அனுப்பியிருந்தார்கள். முடிவு அவருடைய போனுக்கு வரும். எங்கள் வீட்டில் நோர்வே மொழிக் கடிதங்களை வாசிப்பது நான்தான். அவருக்கு அவற்றைக் கண்டாலே தலையிடி. வியாழன் பின்னேரம் அவருடைய போனில் ஆஸ்பத்திரிக் கடிதம் வந்திருப்பதைக் கண்டேன். இளவரசன் கண்விழித்த பிறகுதான் திறப்பேன் என்று நேர்ந்துகொண்டேன். பிள்ளையாரை விட்டுச் சீரியலுக்கு நேர்ந்த விசரி நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

"கடிதம் ஒண்டும் வரேல்லையோ?" என்று அவர் கேட்டார்.

"இன்னும் இல்லை" என்றேன்.

மறுநாள், சீரியல் என்றாலே எழுந்து போகிற மனிதர் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "இப்ப எங்கை நிக்கினம்?" என்றார். "காட்டுக்குள்ளை" என்றேன். சனிக்கிழமை அவள் யமனின் எருமைக் கயிற்றைப் பிடித்தாள். பிடித்த கையையும் எல்லோருடைய முகத்தையும் காட்டியே அன்றைய அரை மணி நேரத்தை முடித்துவிட்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமை சீரியல் இல்லை. கடிதத்தில் ஏதாவது தேதி இருந்து அது தவறிவிட்டால் என்ற பயம் விடவில்லை. அவருடைய போனை எடுத்தேன். கடிதம் ஏற்கெனவே திறந்திருந்தது. புதன்கிழமை டாக்டரைப் பார்க்க வரவேண்டும், நெருங்கிய ஒருவரையும் கூட்டி வாருங்கள் என்று எழுதியிருந்தது. நல்ல செய்திக்கு யாரும் துணை கூட்டிவரச் சொல்வதில்லை.

நிமிர்ந்தபோது அவர் வாசலில் நின்றார்.

"வியாழனே பாத்திட்டன். கடைசி வரி எனக்கே விளங்கிச்சுது" என்றார். பிறகு, ஏதோ பெரிய உதவி கேட்பவர் மாதிரித் தயங்கினார். "புதன் உனக்கு வேலையெல்லே. வருவியோ?"

இரண்டு நாளாக இதைக் கேட்கத்தான் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்திருக்கிறார்.