பாங்குக்குப் பிறகு திறந்த நோன்பு

ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். எழுத்து வரியில் நிற்காது, பிழையும் இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் பக்கம் வீடு பெண்ணுக்குரியது. கலியாணம் முடித்தால் ஆண்தான் அங்கே போவான். மனைவி மௌத்தாகி அடக்கமான பிறகு கல்முனை வீட்டில் எனக்கு இடமில்லாமல் போனது. வருடம் முடியுமுன் இறக்காமத்தில் மறுகலியாணம் செய்து அங்கே போய்விட்டேன். எட்டு வயது மகள் தன் உம்மாவின் வீட்டில், உம்மாவின் தங்கையான சாச்சியோடு நின்றுவிட்டாள்.

"வந்து வந்து புள்ளைய அழ வெக்காதீங்க மச்சான்" என்று சாச்சி ஒருநாள் சொன்னாள். எனக்கு வெட்கம். இரண்டு மாதம் போகவில்லை.

நோன்பு நாலாம் நாள் பின்னேரம் ஐந்தரைக்குச் சாச்சி போன் எடுத்தாள்.

"உங்கட மகள் விடியச்சாமம் சகர் சாப்பாட்டுக்கும் எழும்பாம நோன்பு புடிச்சிரிக்காள். வாப்பா வந்தாத்தான் தொறப்பாளாம்."

"சின்னப் புள்ளைக்கு நோன்பு கடமையில்லையே?"

"அத அவளுக்கிட்டச் சொல்லுங்க. நான் சொன்னா கேக்கிறாளா?"

வயலில் இருந்தபடியே மோட்டார் சைக்கிளை எடுத்தேன். சம்மாந்துறையில் வீதியின் பாதியில் நெல் காயப் போட்டிருந்தார்கள், மீதியில் டிரக்டர்கள். அங்கே நிற்கும்போதே நோன்பு திறக்கும் பாங்கு கேட்டது. பள்ளிவாசலடியில் ஒருவர் தண்ணீர்ப் போத்தலை நீட்டினார். யோசிக்காமல் வாங்கி ஒரு மிடறு குடித்துவிட்டேன். தொண்டை நனைந்த பிறகுதான் மகளின் நினைவு சுட்டது.

போனபோது எல்லோரும் தின்று முடித்திருந்தார்கள். மகள் மட்டும் பாயில், ஈச்சம்பழத்தைக் கையில் பொத்தியபடி இருந்தாள். உதடு வெடித்திருந்தது. முன்னால் கஞ்சி ஆடை படர்ந்து கிடந்தது.

"வந்திட்டார் உன்ட வாப்பா. இப்பயாச்சும் வாயத் தொற" என்றாள் சாச்சி.

மகள் என்னைப் பார்த்தாள். "நீங்க தொறந்திட்டீங்களா வாப்பா?"

"இல்ல மகள்" என்றேன். நோன்பு மாதத்தில் பொய்.

பழத்தைப் பிய்த்துப் பாதியை என்னிடம் தந்தாள். வாங்கி வாயில் போட்டேன். மகள் கஞ்சியைக் குடித்து முடித்து, "நாளைக்கும் நான் நோன்புதான்" என்றாள்.

அன்று தொடக்கம் தினமும் போகிறேன். ஒருநாளும் பிந்தவில்லை. பிள்ளை இளைத்துவிட்டாள். நேற்றுத்தான் துணிந்து கேட்டேன்: "நோன்பில்லாட்டியும் வருவன் மகள். நாளைக்கு விடுங்களன்?"

"அதப் பெருநாளைக்குப் பிறகு பாப்பம்" என்றாள்.

எழுதியது: நோன்பு பதினாறு, பகல் லுஹர் தொழுத பிறகு.