யார் பக்கமும் சாயாத காளிதாசன்

காளிதாசனைப் பற்றிக் கூலிம் ஊரில் யாரிடம் கேட்டாலும் நல்ல மனிதன் என்றுதான் சொல்வார்கள். குடிக்க மாட்டான், கை நீட்ட மாட்டான், யாரோடும் உரக்கப் பேச மாட்டான். எல்லாம் உண்மை. நானும் அவனும் ஒரே வருடம் ஒரே தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்ந்தோம். இருபத்து மூன்று வருடம் ஆகிறது. இத்தனை வருடத்தில் எங்கள் நானூறு பேர் பிழைப்பில் அவன் அளவுக்கு மண் அள்ளிப் போட்டவர் வேறு யாரும் கிடையாது. அதையும் சிரித்த முகத்தோடு செய்தான். என்னைவிட இரண்டு வயது இளையவன், என்னைக் குணசுந்தரி அக்கா என்று கூப்பிடுகிறவன், அதனால் அவன் இவன் என்றே எழுதுகிறேன். மூத்தவனாக இருந்திருந்தாலும் 'அவர்' போட எனக்குக் கை வந்திருக்காது.

பிறந்தது பாடாங் மேஹா பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டத்தில். அந்தத் தோட்டத்து மாரியம்மன் கோயில் நிர்வாகம் ஒரு வருடம் இரண்டாக உடைந்தது. ஒரு கோஷ்டி சித்திரையில் திருவிழா வைத்தது, இன்னொரு கோஷ்டி ஆடியில் வைத்தது. அண்ணன் தம்பிகூட முகத்தைத் திருப்பிக்கொண்டு போன நேரம் அது. காளிதாசன் மட்டும் இரண்டு பக்கமும் போனான். சித்திரையிலும் பந்தியில் உட்கார்ந்தான், ஆடியிலும் உட்கார்ந்தான். எந்தப் பக்கம் நியாயம் என்று கேட்டால், "ரெண்டு பேரும் நம்ம ஆளுங்கதானே லா" என்பான். அந்தச் சண்டையில் வயிறு நிறைந்த ஒரே ஆள் இவன்தான். இதை யாரும் எனக்குப் போட்டுக் கொடுக்கவில்லை. அவனே பெருமையாகச் சொன்னான், கேன்டீனில், என் தட்டிலிருந்து அப்பளத்தை எடுத்துக்கொண்டே.

எங்கள் தொழிற்சாலையில் சலவை இயந்திரத்துக்கும் தொலைக்காட்சிக்கும் பிளாஸ்டிக் பாகங்கள் செய்கிறோம். காளிதாசன் பிளாஸ்டிக்கை உருக்கி வார்க்கும் அச்சு இயந்திரத்தில் நிற்பான். நான் பாகங்களைச் சோதித்துப் பார்க்கும் மேசையில் இருப்பேன். என் பக்கத்து நாற்காலியில் அவன் மனைவி பிரேமாவதி. தங்கமான பெண். வாய் குறைவு, கை வேகம். இவனுக்குப் போய் வாழ்க்கைப்பட்டாளே என்று நான் வாய்விட்டே சொல்லியிருக்கிறேன். அவள் கோபித்துக்கொண்டதில்லை.

2019ஆம் வருடத் தொடக்கத்தில் அரசாங்கம் குறைந்தபட்சச் சம்பளத்தை ஆயிரத்து நூறு ரிங்கிட் ஆக்கியது. ரிங்கிட்டை நாங்கள் வெள்ளி என்போம். ஊரெல்லாம் சந்தோஷம். அந்த மாதச் சம்பளச் சீட்டு வந்த அன்று பிரேமாவதி தன் சீட்டை என் பக்கம் நகர்த்தினாள். அடிப்படைச் சம்பளம் ஆயிரத்து நூறு. பதினான்கு வருடம் வேலை செய்தவள். எங்கள் மேசைக்கு முந்தின வாரம்தான் வந்து சேர்ந்த பெண்ணுக்கும் ஆயிரத்து நூறு. அந்தப் பெண்ணுக்கு எது நல்ல பாகம், எது கழிசல் என்று சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்ததே பிரேமாவதிதான்.

"பதினாலு வருஷத்துக்கு ஒரு வெள்ளிகூட இல்லியாக்கா?" என்று கேட்டாள்.

எனக்கு நெஞ்சு பற்றி எரிந்தது. ஏனென்றால் எங்களுக்கு எதிரே, சாலையைக் கடந்தால், இன்னொரு தொழிற்சாலை இருக்கிறது. அங்கே தொழிற்சங்கம் உண்டு. சங்கமும் நிர்வாகமும் மூன்று வருடத்துக்கு ஒருமுறை உட்கார்ந்து பேசிக் கூட்டு ஒப்பந்தம் போடுவார்கள். ஒவ்வொரு வருடச் சேவைக்கும் இவ்வளவு என்று அதில் எழுதியிருக்கும். பிரேமாவதி சேர்ந்த அதே வருடத்தில் வேலைக்குச் சேர்ந்த ஒருத்தி அங்கே ஆயிரத்து அறுநூறு வாங்கிக்கொண்டிருந்தாள். புருஷன் பிள்ளைகளுக்கு மருத்துவச் செலவு தனி. அதே பிளாஸ்டிக், அதே வெக்கை, நடுவில் ஒரு சாலைதான்.

அன்றே முடிவு செய்தேன், எங்களுக்கும் சங்கம் வேண்டும் என்று. உறுப்பினர் படிவங்களைச் சாப்பாட்டுப் பையில் வைத்துக்கொண்டு அலைந்தேன். முதல் கையெழுத்து பிரேமாவதி போட்டாள். மலாய்க்காரப் பெண்கள் தயங்காமல் போட்டார்கள். நம் ஆட்கள்தான் படிவத்தைப் பாம்பைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்கள். காளிதாசன் என்ன செய்தான் தெரியுமா? படிவத்தை வாங்கி, நாலாக மடித்து, சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.

"நான் உங்களுக்கு எதிரி இல்லக்கா. ஆனா கம்பெனியும் நமக்குச் சோறு போடுது. நான் நடுவுல இருக்கேன்."

"நடுவுல என்ன இருக்கு, காளிதாஸ்?"

"நிம்மதி இருக்குக்கா."

சங்கக் கூட்டம் போட்டால் முடிகிற நேரம் பார்த்து வருவான். நாசி லெமாக் சோற்றுப் பொட்டலம் இரண்டு எடுப்பான், ஒன்று வீட்டுக்கு என்பான். வீட்டுக்காரி கூட்டத்தின் முதல் வரிசையில் உட்கார்ந்து ஏற்கனவே சாப்பிட்டிருப்பாள். வெட்கம் கெட்டவன்.

நிர்வாகம் எங்களை அங்கீகரிக்க மறுத்தது. அதனால் அரசாங்கத் தொழில் இலாகா இரகசிய வாக்கெடுப்பு நடத்தும் என்று முடிவானது. அப்போது இருந்த விதியை நான் கூட்டத்தில் மூன்று முறை விளக்கினேன். பட்டியலில் நானூற்றுப் பன்னிரண்டு பேர். இருநூற்று ஏழு பேர் 'வேண்டும்' என்று போட வேண்டும். வந்து ஓட்டுப் போட்டவர்களில் பாதி போதாது, பட்டியலில் உள்ள மொத்தப் பேரில் பாதிக்கு மேல் வேண்டும். வராதவன் 'வேண்டாம்' என்று போட்டவனுக்குச் சமம். இதை நான் சொன்ன மூன்று முறையும் காளிதாசன் அங்கே இல்லை. பொட்டலம் இன்னும் வரவில்லையே!

கம்பெனி விளையாட்டு மன்றத்தில் இந்தியர் பிரிவுக்கு அவன்தான் தலைவர். யாருக்கும் அவனைப் பிடிக்காமல் போகாது, அதனால் இந்த மாதிரிப் பதவியெல்லாம் தானாக அவனிடம் வரும். வாக்கெடுப்புக்குப் பத்து நாள் முன்னால் மனிதவளப் பிரிவு அதிகாரி திவாகரன் அவனைக் கூப்பிட்டு அனுப்பினான். திவாகரனுக்கு அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. காளிதாசன் அவனை 'சார்' என்பான், அவன் இவனை 'அண்ணே' என்பான். அந்த 'அண்ணே'வில் இவன் உருகிப் போவான்.

மன்றத்து ஆட்களுக்கு லங்காவித் தீவுக்குச் சுற்றுலா. பஸ், ஃபெரி, மத்தியானச் சாப்பாடு எல்லாம் கம்பெனி செலவு. அன்றைக்குச் சம்பளத்தோடு விடுப்பு. ஆள் சேர்ப்பது தலைவர் பொறுப்பு. நாள் எது என்று கேட்கவே வேண்டாம், வாக்கெடுப்பு நடக்கிற அதே வியாழக்கிழமை.

பிரேமாவதி வீட்டில் அவனிடம் கெஞ்சியிருக்கிறாள். மறுநாள் மேசையில் என்னிடம் சொன்னாள்.

"போவாதீங்க, போனா எதிரா ஓட்டுப் போட்ட கணக்குன்னு குணசுந்தரிக்கா சொன்னாங்கன்னு சொன்னேன். சிரிக்கிறாருக்கா. 'வராதவன் ஓட்டு எப்படிடி எதிர் ஓட்டாகும்? எலெக்சன்ல அப்படியா எண்ணுறான்?'ங்கிறாரு. திவாகரன் சார்கிட்டேயும் கேட்டாராம். 'நீங்க யாருக்கும் எதிரா போடலியே அண்ணே, நீங்க நியூட்ரல்'னு சொன்னாராம்."

நான் நேரே அச்சு இயந்திரத்துக்குப் போனேன்.

"தம்பி, அந்த விதியை ஒரு தடவ நானே சொல்றேன், கேட்டுக்க. நீ போறது மட்டும் இல்ல, பஸ் நிறைய ஆள் ஏத்திட்டுப் போற."

"ஐயோ அக்கா, டென்சன் ஆவாதீங்க லா. ஓட்டுப் போட்டா உங்களுக்கு ஒரு பக்கம், கம்பெனிக்கு ஒரு பக்கம். நாங்க போயிட்டா ரெண்டு பக்கமும் கோவம் இல்ல. நீங்க நானூறு பேரு இருக்கீங்க, எங்க முப்பத்தெட்டுப் பேர்லயா கொறஞ்சிடப் போவுது?"

அங்கேயே கன்னத்தில் ஒன்று விட்டிருக்க வேண்டும். விடவில்லை. இன்றுவரை கை அரிக்கிறது.

வியாழக்கிழமை விடிந்ததும் தொழிற்சாலை வாசலில் பெரிய பஸ் நின்றது. குளிரூட்டி வசதி, மெத்தை இருக்கை. மஞ்சள் சட்டை போட்டு, கழுத்தில் விசில் மாட்டிக்கொண்டு, காளிதாசன் பெயர் வாசித்து ஆள் ஏற்றினான். அதில் பதினான்கு பேர் என் படிவத்தில் கையெழுத்துப் போட்டவர்கள். என்னைப் பார்த்ததும் கைப்பேசியைப் பார்த்தார்கள். படியில் நின்று ஒவ்வொருவராகக் கேட்டேன். "தலைவரே போறாருக்கா, அவரு வீட்டுக்காரம்மாவே சங்கத்துல இருக்காங்க, ஒன்னும் ஆவாது" என்றார்கள். பார்த்தீர்களா, பிரேமாவதியின் பெயரைச் சொல்லியே ஆள் பிடித்திருக்கிறான்! பஸ் ஃபெரி ஏறுகிற கோலா கெடாவுக்குப் புறப்பட்டது. பிரேமாவதி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வரிசையில் நின்று ஓட்டுப் போட்டாள்.

சாயங்காலம் எண்ணினார்கள். 'வேண்டும்' என்று இருநூற்று ஒன்று. ஆறு ஓட்டு குறைவு. 'வேண்டாம்' என்று போட்டவர்கள் நூற்றைம்பதுகூட இல்லை. வந்தவர்களில் நாங்கள்தான் அதிகம், ஆனாலும் தோற்றோம். மலாய்க்காரப் பெண்கள் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார்கள். எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. பிறகு இலாகாவில் புகாரும் கொடுத்துப் பார்த்தோம். யாரையும் யாரும் தடுக்கவில்லை, அவர்களாக விரும்பிப் போனார்கள் என்று முடித்துவிட்டார்கள். அதற்கு நாங்கள் என்ன பதில் சொல்வது?

வெள்ளிக்கிழமை காலையில் காளிதாசன் என் மேசைக்கு வந்தான். முகம் வெயிலில் கறுத்திருந்தது. கையில் லங்காவி சாக்லேட், இரண்டு பெட்டி.

"உங்களுக்கும் வாங்கிட்டு வந்தேன்க்கா. அங்க வரி இல்ல, மலிவு."

"ஆறு ஓட்டுல தோத்தோம், காளிதாஸ்."

"கேள்விப்பட்டேன்க்கா. மனசுக்குக் கஷ்டமா போச்சு." உண்மையாகவே வருத்தப்பட்டான், பாவி. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. "பரவால்ல, அடுத்த தடவ பாத்துக்கலாம். சரி, ஜெயிச்சிருந்தா எங்களுக்கும் சேத்துத்தான சம்பளம் ஏறியிருக்கும்?"

சாக்லேட் பெட்டியைக் கழிசல் தொட்டியில் போட்டேன். பிரேமாவதி தலை நிமிரவில்லை. அன்று முழுவதும் அவள் கையில் பாகங்கள் ஓடிக்கொண்டே இருந்தன. அதற்குப் பிறகு நான்கு மாதம் அவள் வீட்டில் அவனோடு பேசவில்லை என்று பின்னால் தெரிந்தது. அவன் அதையும் கண்டுகொள்ளவில்லை. வீட்டில் அமைதியாக இருக்கிறது என்று கேன்டீனில் சொல்லிக்கொண்டிருந்தான்.

அடுத்த தடவை என்று ஒன்று வரவில்லை. மறு வருடம் கொரோனா வந்தது, தொழிற்சாலையை மூடினார்கள், திறந்தார்கள், பாதிப் பேர் வேறு வேலைக்குப் போனார்கள். கையெழுத்துப் போட்டவர்கள் சிதறிப் போனார்கள். புதிதாக வந்தவர்களுக்கு என்னைக் கண்டாலே பயம். குறைந்தபட்சச் சம்பளம் மறுபடி மறுபடி உயர்ந்தது. ஒவ்வொரு தடவையும் காளிதாசன் என் மேசைக்கு வந்து, "பாத்தீங்களாக்கா, சங்கம் இல்லாமலே ஏறுது" என்பான். எல்லாருக்கும் தரையை உயர்த்துகிறார்கள், நீ அந்தத் தரையிலேயேதான் படுத்திருக்கிறாய் என்று நானும் ஒவ்வொரு தடவையும் சொல்வேன். அவன் காதில் ஏறினால்தானே!

போன வருடம் அவர்கள் மகள் லோகேஸ்வரி பள்ளியில் கடைசி வகுப்பான படிவம் ஐந்து முடித்துவிட்டு, மேற்கொண்டு படிக்க இடம் கிடைக்கும்வரை எங்கள் தொழிற்சாலையிலேயே வேலைக்குச் சேர்ந்தாள். முதல் மாதச் சம்பளம் வந்ததும் என்னைச் சாப்பிடக் கூப்பிட்டார்கள். பிரேமாவதி கோழிக் குழம்பு வைத்திருந்தாள். காளிதாசன் மகளின் சம்பளச் சீட்டை எனக்குக் காட்டினான். அடிப்படைச் சம்பளம் ஆயிரத்து எழுநூறு. அவனுக்குப் பெருமை தாங்கவில்லை. "முதல் மாசமே ஆயிரத்து எழுநூறு!" என்று நான்கு முறை சொன்னான்.

லோகேஸ்வரி உள்ளே போய் அப்பாவின் சீட்டை எடுத்து வந்து, தன் சீட்டுக்குப் பக்கத்தில் மேசையில் வைத்தாள்.

"அப்பா, உங்களுக்கும் ஆயிரத்து எழுநூறுதான் போட்டிருக்கு. ஹெச்.ஆர்ல தப்பா அடிச்சிட்டாங்களா?"

காளிதாசன் சிரித்தான்.

"தப்பு இல்லம்மா" என்றாள் பிரேமாவதி. கரண்டியைக் கீழே வைத்தாள். வாக்கெடுப்பையும், ஆறு ஓட்டையும், கையெழுத்துப் போட்டுவிட்டும் பஸ்ஸில் போன பதினான்கு பேரையும் மகளுக்கு ஒன்றுவிடாமல் சொன்னாள். குரலை உயர்த்தவில்லை. இத்தனை வருடத்தில் அவள் தொடர்ந்து அவ்வளவு பேசி நான் கேட்டதில்லை. எதிர்த் தொழிற்சாலையில் இதே வேலைக்கு இருபது வருடக்காரிகள் என்ன வாங்குகிறார்கள் என்பதையும் சொன்னாள்.

காளிதாசன் என் பக்கம் திரும்பினான்.

"ஏன்க்கா, இருபத்து ரெண்டு வருஷம் வேல செஞ்சவனுக்கும் சின்னப் பொண்ணுக்கும் ஒரே சம்பளம்னா அநியாயம் இல்லியா? நீங்கள்லாம் இதக் கேக்கக் கூடாதா?"

"கேக்கறதுக்குச் சங்கம் வேணும். நீதான் வேணாம்னுட்டியே."

"நான் எங்கக்கா வேணாம்னு சொன்னேன்?" அவன் குரல் முதல் தடவையாக உடைந்தது. மகளைப் பார்த்தான், மனைவியைப் பார்த்தான். "சத்தியமா சொல்றேம்மா, நான் வேணாம்னு சொல்லவே இல்ல. நான் எதுவுமே சொல்லல."

"அதான்ப்பா" என்றாள் லோகேஸ்வரி. தன் சீட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போனாள்.