படுத்துக்கொண்ட வீடு

தியேட்டரில் அவளுக்கு 'டார்ச் அக்கா' என்று பெயர். படம் தொடங்கிய பிறகு வருகிறவர்களை இருட்டில் அவரவர் இருக்கையில் கொண்டுபோய் உட்காரவைப்பது வேலை. அங்கே வரிசைக்கும் எண்தான், இருக்கைக்கும் எண்தான். டிக்கெட்டில் முதலில் இருப்பது வரிசை. ஆகவே முதலில் படியேற வேண்டும், அப்புறம் பக்கவாட்டில் நகர வேண்டும். கண்ணைக் கட்டிவிட்டாலும் அவள் கால் தப்பாது. ஆட்கள் உட்கார்ந்து முடித்த பிறகு, அதே டார்ச்சை மடியில் வைத்துப் படித்துத்தான் ஆசிரியப் பயிற்சியை முடித்தாள்.

பள்ளியில் கிடைத்தது தற்காலிக வேலை. நிரந்தரமாக வேண்டுமென்றால் தலைமையாசிரியை முன்னால் ஒரு பாடம் நடத்திக் காட்ட வேண்டும். வந்த பாடம், கட்டத்தாளில் புள்ளி குறிப்பது.

"சின்னப் பசங்கதானே, கடிச்சா தின்னுடப் போறாங்க?" என்றார் பஸ் ஓட்டும் கணவர்.

"பசங்களுக்கு யாருங்க பயந்தா? பின் பெஞ்சில அந்தம்மா உக்காந்திருப்பாங்களே!"

அந்தம்மா உட்கார்ந்திருந்தார், மூக்குக்கண்ணாடியைத் துடைத்தபடி. இவள் கரும்பலகையில் கட்டம் போட்டாள். வீட்டில் சரியாகத்தான் போட்டுப் பார்த்திருந்தாள். ஆனால் பயத்தில் கை பழைய வேலைக்கே போய்விட்டது. இரண்டு, ஒன்று என்றால் இரண்டு கட்டம் மேலே ஏறினாள், ஒரு கட்டம் பக்கத்தில் போனாள். ஐந்து புள்ளிகளையும் அப்படியே வைத்தாள். பிள்ளைகளும் பார்த்துப் பார்த்து வைத்தார்கள். கடைசியில் கோடு போட்டுச் சேர்த்தால் ஒரு வீடு வரவேண்டும்.

வந்தது. ஆனால் கூரை வானத்தைப் பார்க்காமல் பக்கவாட்டில் வகுப்பறை ஜன்னலைப் பார்த்தது.

"டீச்சர், வீடு படுத்துடுச்சு!"

"பூகம்பமா டீச்சர்?"

வகுப்பே கொல்லென்று சிரித்தது. பின் பெஞ்சில் பேனா எதையோ எழுதியது. போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்தாள். அழித்துவிட்டு மழுப்பலாம் என்று டஸ்டரைக்கூடக் கையில் எடுத்துவிட்டாள். ஆனால் முன்வரிசைப் பெண் விடவில்லை. "ஏன் டீச்சர் படுத்துச்சு?"

டஸ்டரைக் கீழே வைத்தாள். "ஏன்னா டீச்சர் தப்புப் பண்ணிட்டேன். நான் முன்னாடி தியேட்டர்ல வேலை பார்த்தேன். அங்க முதல்ல மேல ஏறணும், அப்புறம் நகரணும். இங்க அப்படியே தலைகீழ். முதல் எண்ணுக்குத் தரையில நட. ரெண்டாவது எண்ணுக்கு ஏணியில ஏறு. எங்கே, வீட்டை எழுப்பி நிக்க வைங்க பார்ப்போம்!"

"நட! ஏறு!" என்று கத்திக்கொண்டே ஆளுக்கொரு வீட்டை நிமிர்த்தினார்கள். ஒரு பையன் மட்டும் படுத்த வீட்டுக்குள் ஒரு தலையணையும் வரைந்திருந்தான்.

மணி அடித்ததும் தலைமையாசிரியை எழுந்து வந்தார். "நாளைக்குப் பக்கத்து வகுப்புக்கும் இதே பாடத்தை எடுங்க. இதே மாதிரி முதல்ல படுக்க வைங்க, அப்புறம் நிமித்துங்க."

"அப்போ வேலை, மேடம்?"

"வேலை இல்லாதவங்களுக்கா இன்னொரு வகுப்பையும் சேர்த்துக் கொடுப்பேன்?"

அந்த ஞாயிற்றுக்கிழமை கணவரை அழைத்துக்கொண்டு பழைய தியேட்டருக்கே படம் பார்க்கப் போனாள். ஏழாம் வரிசை, மூன்றாவது, நான்காவது இருக்கை. விறுவிறுவென்று நடந்து, ஏறி, உட்கார்ந்தும்விட்டாள். யாரோ தோளைத் தட்டினார்கள். "அம்மா, இது மூணாவது வரிசை. எங்க சீட்டு."

கணவர் எழுந்துகொண்டே சொன்னார்: "நல்லவேளை, அங்க வேலை கிடைச்சுது. இங்க இனிமே உன்னைச் சேர்த்துக்க மாட்டாங்க."