ஒக்டோபருக்கு எழுதிக் கொடுத்த லீவு

ஜெர்மனியில், ஹம்பேர்க்கின் பெரிய ஸ்டேசனுக்குப் பின்னால் இருந்த இந்தியச் சாப்பாட்டுக் கடையொன்றில் நான் கோப்பை கழுவிய வருசங்கள் அவை. ஓய்ரோ என்கிற யூரோக் காசு எல்லாருக்கும் கையில் பழகிவிட்ட காலம். சமையலுக்கு நின்றவர் தேனிப் பக்கத்து மனிதர். பதினேழு வருசம் இந்திய ராணுவத்தில் இருந்து பென்சனோடு வெளியே வந்து, பிறகு சமையல்காரர் விசாவில் இங்கே வந்தவர். என்னைவிட ஏழெட்டு வயது மூப்பு. நான் அண்ணை என்பேன், அவர் தம்பி என்பார்.

ஆமி என்றால் எனக்கு ஓடி ஒளிந்த ஞாபகம்தான். அவருடைய ஆமியும் ஒருகாலம் அமைதிப்படை என்று எங்கள் ஊரில் வந்து நின்றது. முதல் கிழமையே கேட்டுவிட்டேன்.

"அண்ணை, நீங்களும் எங்கட பக்கம் வந்தனீங்களோ?"

"இல்ல தம்பி. அப்ப நான் வடக்க மலையில இருந்தேன். மேலே மண்ணெண்ணெய் ஏத்திக்கிட்டு."

அதோடு அந்தக் கதை முடிந்தது. நம்பினேனா என்றால், நம்புவது வேலைக்கு வசதியாக இருந்தது.

சனம் பேசுகிற விதத்தைக் கேட்பதென்றால் எனக்குச் சாப்பாடே வேண்டாம். இவர் பேச்சில் எல்லாமே மேலே, கீழே. நிலவறைக் களஞ்சியம் அவருக்குக் கீழ்முகாம். அடுப்படி மேல்முகாம். நான் மாமூட்டையோடு படியேறி வந்தால், "வந்துட்டாருப்பா நம்ம கோவேறு கழுதை" என்பார்.

"ஏன் அண்ணை, குதிரை எண்டு சொன்னால் குறைஞ்சு போவியளோ?"

"குதிரை பாதி மலையில படுத்துக்கும் தம்பி. மரியாதையாத்தான் சொல்றேன்."

அவருக்கு ஒரே மகன். அவனும் ராணுவத்தில், அப்பா நின்ற அதே மலை எல்லையில். ஐந்து வருசமாக இரண்டு பேரும் முகம் பார்க்கவில்லை. இவருக்கு லீவு கிடைக்கும்போது அவன் மேலே நிற்பான், அவன் ஊருக்கு வரும்போது இவர் இங்கே வெங்காயம் வதக்குவார். எங்கள் முதலாளி வருசத் தொடக்கத்திலேயே லீவை எழுதி வாங்கிவிடுவார். நாலு கிழமை, ஒரே தடவை, எழுதினால் எழுதினதுதான்.

அந்த வருசம் எப்படியாவது மகனைப் பார்த்துவிடுவது என்று அண்ணை முடிவெடுத்தார். ஜூனில் மேலே போகப்போகிறான் என்பது மட்டும் அவருக்குத் தெரியும். மத்தியானக் கூட்டம் ஓய்ந்த பிறகு, இரும்பு மேசையில் சட்னிக் கிண்ணங்களையும் தட்டுகளையும் பரப்பினார்.

"ஒரு பட்டாளத்துல நாலு கம்பெனி தம்பி, கம்பெனிக்கு நூறு பேருக்கு மேல. மூணு மேலே, ஒண்ணு கீழே. மேலே போறது சின்னச் சின்னக் காவல் போஸ்ட்டாப் பிரிஞ்சு முகட்டுல உக்காரும். ஒரு போஸ்ட்ல பத்துப் பேர். பின்னால பீரங்கி. அதுக்கும் பின்னால அரிசி, எண்ணெய், எங்கள மாதிரி ஆளுங்க."

மேலே ஒரேயடியாக ஏற ஏலாதாம். முதல் உயரத்தில் ஆறு நாள், அடுத்ததில் நாலு, அதற்கு மேல் இன்னும் நாலு. நுரையீரல் காற்றுக்குப் பழகவேண்டும். லீவில் ஊருக்கு வந்து திரும்பினால் மறுபடி முதலில் இருந்து. மாற்றாட்கள் ஏறியபிறகுதான் இருந்தவர்கள் இறங்கலாம். செப்டெம்பர் கடைசியில் விரலையே கருக்கி எடுக்கிற பனி வரும். உச்சிப் போஸ்ட்டைக் காலி பண்ணி எல்லாரும் கீழே வருவார்கள். எதிர்ப்பக்கத்து ஆட்களும் அப்படியே இறங்குவார்கள். உச்சியில் நின்ற தட்டைக் கீழே நகர்த்தி வைத்தார்.

"அக்டோபர்ல வீட்டுல இருப்பான். எழுதுங்க."

"மகனை ஒருக்காக் கேட்டுப்போட்டு எழுதலாமே அண்ணை?"

"போன்ல அதெல்லாம் கேக்கக் கூடாது. எப்ப ஏறுற, எப்ப எறங்குறன்னு ஒரு பட்டாளத்துக்காரன் இன்னொருத்தன்கிட்ட போன்ல கேக்கமாட்டான். கேட்டாலும் அவன் சொல்லக் கூடாது. சொன்னா அவன் எம்மகனே இல்ல."

அவருக்கு ஜெர்மன் எழுத வராது. விண்ணப்பத்தில் ஒக்டோபர் முழுவதையும் என் கையால்தான் எழுதினேன். அவர் கையெழுத்து வைத்தார்.

செப்டெம்பர் நடுவில் அவருடைய மனைவி கடைக்குப் போன் எடுத்தார். மகனுக்குக் குளிர்காலம் முழுக்கவும் மேலேதானாம், வசந்தத்துக்கு முன்னால் வரமாட்டானாம். அண்ணை போனை வைத்துவிட்டு வந்து பருப்பைக் கிண்டினார். நெடுநேரம் கிண்டினார்.

"நான் வெளிய வந்தப்புறம் அங்க சண்டை நடந்துச்சுல்ல தம்பி," என்றார். "பனிக்குக் காலி பண்ணின போஸ்ட்ல எதிர்ப்பக்கத்து ஆளுங்க ஏறி உக்காந்துட்டாங்க. திருப்பிப் பிடிக்க எத்தனை பிள்ளைங்க உசுரு போச்சு. அதுக்கப்புறம் எவன் காலி பண்ணுவான்? இப்ப வருசம் பூரா மேலே ஆள் நிக்குது. எனக்குத் தெரியும். டிவியில பாத்தேன். தெரிஞ்சும் தட்டைக் கீழ எறக்கி வச்சேன்."

 

லீவை மாற்றித் தரச்சொல்லி முதலாளியிடம் நான்தான் போய்க் கேட்டேன். டிசம்பருக்குக் கூட்டம் வரும், வசந்தத்துக்கு வேறு ஆட்கள் முதலே எழுதிக் கொடுத்துவிட்டார்கள், ஏலாது என்றார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. ஒக்டோபரில் அண்ணை ஊருக்குப் போனார், நவம்பரில் வந்தார். எப்படி அண்ணை என்றேன். "வீட்டுக்கு வெள்ளையடிச்சேன்" என்றார்.   அந்தக் குளிர்காலம் முழுக்க நாங்கள் இருவரும் வேலையைப் பற்றி மட்டும் பேசினோம்.

மகன் ஏப்ரலில் இறங்கினான். ஒரு மத்தியானம், நல்ல கூட்டம், ஊர் வீட்டில் இருந்து கடைக்குப் போன் எடுத்தான். அண்ணை ரிசீவரைத் தோளில் இடுக்கிக்கொண்டு சட்டியில் கை வைத்தபடி பேசினார். நான் பக்கத்துத் தொட்டியில் தண்ணீரை நிறுத்தினேன். அரைமணித்தியாலமாவது பேசுவார், இரண்டு சட்டியையும் நான் பார்க்கவேண்டி வரும் என்று நினைத்தேன்.

"விரல் பத்தும் இருக்கா?" என்று கேட்டார்.

அங்கே என்னவோ சொன்னான்.

"கால்ல?"

மறுபடி என்னவோ சொன்னான்.

"சரிப்பா. அம்மாட்ட குடு." மனைவியிடம் நல்லாச் சாப்பாடு போடச் சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

"என்னவாம் அண்ணை?"

"கையில பத்தும் இருக்காம். இடது கால்ல ரெண்டு இல்லையாம்."

அடுப்பைக் கொஞ்சம் குறைத்தார்.

"நாலாம் மேசைக்கு என்ன தம்பி?"