என் சீனை வெட்டியவள்

இன்று ஆம்பூர் சர்ச் ஹாலில் மகன் சாலமோன், மருமகள் லில்லி, பக்கத்து வீட்டு நூர்ஜஹான், நான் எல்லோரும் என் பேத்தி ரூத் எடுத்த ஷூ கம்பெனிப் பெண்களின் படத்தைப் பார்த்தோம்.

முடிவில் பெயர் போட்டார்கள். கதை ரூத். கேமரா ரூத். பாட்டு, எடிட்டிங், டைரக்‌ஷன் எல்லாம் ரூத். ஹாலே எழுந்து கைதட்டியது. எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது.

அப்போது பார்த்து நூர்ஜஹான், "இன்னாக்கா, நீ அழுவுற சீன் வரும்னு தெருவுக்கே சொன்னியே, எங்க?" என்றாள்.

கிளிசரின்கூட இல்லாமல் அழுதவள் நான். பேத்தியைப் பிடித்துக் கேட்டேன்.

"டைரக்டருக்கு அந்த சீன் உசுரு ஆயா. எடிட்டர்தான் வெட்டிட்டா."

டைரக்டர் ரூத்தைக் கட்டிப்பிடித்து முத்தம் கொடுத்தேன். கேமரா ரூத்துக்குப் பீஸ் ஜாஸ்தி வைத்துப் பிரியாணி போட்டேன்.

நீங்களே நியாயம் சொல்லுங்கள். சாகும்வரை மன்னிக்க மாட்டேன், அந்த எடிட்டர் ரூத்தை.